கமராவுக்கு முகங்காட்டியவள்

என் முகம் ஒரு சுவரளவு பெரிதாகத் தெரிந்ததை நான் பார்த்திருக்கிறேன். பார்த்த அன்றிலிருந்து எனக்குக் கோபம். கோபம் ஆறட்டும், பிறகு எழுதலாம் என்றால் நான் எழுதப்போவதே இல்லை. எங்கள் வீட்டில் யாருக்கும் கோபம் சுலபத்தில் ஆறியதில்லை, அப்பா உட்பட.

எங்கள் தீவில், கரம்பொன்னில் ஒரு பெரிய பழைய வீடு சும்மா கிடக்கிறது. சொந்தக்காரர்கள் எல்லோரும் வெளிநாட்டில். யாழ்ப்பாணத்தில் ஓவியமும் படப்பிடிப்பும் படிக்கிற பிள்ளைகள் அந்த வீட்டைக் கேட்டு வாங்கி, வௌவால் எச்சத்தைக் கூட்டித் துடைத்து, ஒரு சனிக்கிழமை பின்னேரம் குறும் வீடியோக்கள் காட்டினார்கள். ஆஸ்பத்திரியில் என்னோடு மருந்து கொடுக்கும் யன்னலில் வேலை செய்கிறவள்தான் என்னை இழுத்துக்கொண்டு போனாள். "வாங்கோ அக்கா, எல்லாம் பரிசோதனை வீடியோக்களாம். நாங்கள் காணாத பரிசோதனையோ? பாத்திட்டு, ரீயும் குடிச்சிட்டு வருவம்."

பெரிய அறைக்குள் யன்னல்களைக் கறுப்புத் துணியால் மூடிவிட்டுப் பிளாஸ்ரிக் கதிரைகள் போட்டிருந்தார்கள். நாங்கள் நடுவில் ஒரு வரிசையில் இருந்தோம். முதல் வீடியோவில், தீவைப் பட்டணத்தோடு சேர்க்கிற தெருவுக்கு இரண்டு பக்கமும் கிடக்கிற தாம்போதிக் கடல் வந்தது. கடல் மட்டும். பட்டணத்துக்குப் போகும்போது பஸ் யன்னலால் காசில்லாமல் பார்க்கிற அதே கடலை அன்று இருட்டுக்குள் வேர்த்து வடிந்துகொண்டு பார்த்தோம். அடுத்ததில் ஓர் ஆட்டின் கண் வந்தது. அது சிமிட்டுமா சிமிட்டாதா என்று எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு இருந்தார்கள். என் கூட்டாளி எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி, "ஆட்டுக்குப் பொறுமை கூட" என்றாள். அதுவரை எனக்கும் சிரிப்பாகத்தான் இருந்தது.

பிறகு ஒரு பெண்ணின் முகம் வந்தது. மோவாய்க்குக் கொஞ்சம் கீழே படம் வெட்டப்பட்டிருந்தது. அவள் நேரே எங்களைப் பார்த்தாள். சத்தம் எதுவும் இல்லை, ஏதோ மோட்டார் தூரத்தில் ஓடுகிற மாதிரி ஓர் இரைச்சல் மட்டும். படத்தை மெதுவாக ஓட விட்டிருந்தார்கள். இமை மூடித் திறக்கவே நேரம் எடுத்தது. எங்கேயோ கண்ட பெண்ணாக இருக்கிறாளே, மருந்து வாங்க வருகிறவளோ என்றுதான் நான் முதலில் யோசித்தேன். தோளில் தெரிந்த சேலைக் கரையைக் கண்ட பிறகுதான் அது நான் என்று தெரிந்தது. அப்பாவின் செத்தவீட்டன்று நான் உடுத்திருந்த சேலை அது.

அதைச் சொல்வதற்கு முதல், எங்கள் பக்கத்துச் செத்தவீடுகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். தீவுகளில் வீட்டுக்கு ஒருவராவது வெளியே இருக்கிறார். ஆகவே ஒருவர் கண்ணை மூடியதும் ஐயருக்கும் பறைக்கும் சொல்லுகிற அதே நேரத்தில் வீடியோக்காரருக்கும் சொல்லிவிடுவார்கள். அவர் வந்து பெட்டியின் கால்மாட்டில் கமராவை உயரத்தில் நிறுத்தி, அதை இன்ரநெற்றில் தொடுத்துவிடுவார். "கனடா வந்திட்டுது, லண்டன் வந்திட்டுது" என்று அவர் சொல்லச் சொல்ல, பந்தலுக்குள் இருப்பவர்கள் சேலைத் தலைப்பைச் சரிசெய்வார்கள். உள்ளே வருகிறவர்களும் பிரேதத்தைப் பார்க்கும் முன் கமராவை ஒருதரம் பார்ப்பார்கள். வந்தது தெரிய வேண்டுமே. ஒப்பாரி சொல்லுகிற பெண்கள்கூட நடுவில் திரும்பி, "உன்ர கொப்பர் போறார், பாரடி பிள்ளை" என்று கமராவைப் பார்த்துத்தான் அழுவார்கள். எங்களுக்கு அது கமரா இல்லை. வர முடியாமல் போனவர்கள் நிற்கிற இடம்.

அப்பாவுக்குக் கொள்ளி வைக்க வேண்டியவன் என் தம்பி. எங்கள் வீட்டில் ஒரே ஆண்பிள்ளை. அவன் பிரான்சில் இருக்கிறான். அவனுடைய அகதி வழக்கு அப்போது முடிந்திருக்கவில்லை; வெளிக்கிட்டால் திரும்பிப் போக முடியாது. அப்பா இறந்த அன்று போனில் அவன் அழுத அழுகையை நான் எழுதப்போவதில்லை. அழுது முடித்துவிட்டு ஒன்று கேட்டான்.

"அக்கா, நாளைக்கு நீ கமராவைப் பாத்துக்கொண்டே இரு. அங்கால இங்கால திரும்பாதை. இந்த அறைக்குள்ள நான் தனிய. நீ என்னைப் பாத்துக்கொண்டு இருந்தா, நானும் உனக்குப் பக்கத்தில இருக்கிற மாதிரி இருக்கும்."

ஓம் என்றேன். தம்பி கேட்டால் நான் மாட்டேன் என்று சொன்னதே இல்லை.

அடுத்த நாள் நாரந்தனையில், எங்கள் முற்றத்துப் பந்தலுக்குள், அப்பாவின் தலைமாட்டில் இருந்தேன். பறை அடிக்கத் தொடங்கியதிலிருந்து பெட்டி மூடும்வரை கமராவையே பார்த்தேன். கீழே, கைக்கெட்டும் தூரத்தில் அப்பா. ஆட்கள் குனிந்து அவருடைய காலைத் தொட்டுவிட்டுப் போனார்கள். நான் கமராவைப் பார்த்து, தம்பியோடு கதைத்துக்கொண்டிருந்தேன். "அழாதை தம்பி. நீ அனுப்பின வேட்டிதான் கட்டியிருக்கு. சால்வையும் அதுதான். நீ ஏதேன் சாப்பிட்டியோ?" என்றெல்லாம் சொன்னேன். பெரியப்பாவின் மகன் தம்பியின் இடத்தில் நின்று கிரியை செய்தான். அதையும் நான் பார்க்கவில்லை. எங்கள் பக்கத்தில் பெண்கள் சுடலைக்குப் போவதில்லை, வாசல் படலையோடு சரி. பெட்டி மூடினால் மூடினதுதான். அது எனக்குத் தெரிந்துதான் இருந்தது. தெரிந்துகொண்டுதான் கமராவைப் பார்த்தேன்.

எட்டாம் நாள் எட்டுச் செலவுக்கு வந்த சொந்தக்காரி ஒருத்தி குசினி அடுப்படியில் நின்று, நான் கேட்கட்டும் என்றே சொன்னாள்: "தேப்பன் கிடக்கேக்க வீடியோவுக்கு முகங்காட்டிக்கொண்டு இருந்தவள்." அந்தப் பேச்சு நாரந்தனையிலிருந்து சுருவில் வரை போனது எனக்குத் தெரியும். மருந்து யன்னலுக்கு முன்னால் நின்று என் முகத்தை ஒரு மாதிரிப் பார்த்தவர்களும் உண்டு. நான் யாருக்கும் விளக்கம் சொல்லப் போகவில்லை. செத்தவீடு முடிந்த அன்று இரவே தம்பி போன் எடுத்து, "எல்லாம் பாத்தனான் அக்கா, நீ இருந்தபடியால்தான் தாங்கினனான்" என்று சொல்லியிருந்தான். எனக்கு அது போதும். ஊர் என்ன கதைத்தாலும் கதைத்துவிட்டுப் போகட்டும்.

அந்த முகத்தைத்தான் கரம்பொன்னில் சுவரில் போட்டிருந்தார்கள்.

அப்பா இல்லை. மோவாய்க்குக் கீழே அப்பாவை வெட்டிவிட்டார்கள். பூப்போட வந்த ஒருவருடைய விரல்கள் படத்தின் அடியில் ஒரு கணம் தெரிந்து மறைந்தன. என் வாய் அசைந்தது, ஆனால் சொல் இல்லை. நீ ஏதேன் சாப்பிட்டியோ என்று நான் கேட்டது அந்த அசைவில் எனக்கு மட்டும் விளங்கியது. எனக்கு முன்னால் இருந்த பெடியன் தலையைக் குனிந்து போனைத் தட்டத் தொடங்கினான். ஒரு பிள்ளை எழும்பி வெளியே போனாள். பின்னால் யாரோ மூக்கால் சிரித்தார்கள். கூட்டாளி என் கையைப் பிடித்தாள்.

லைற்றைப் போட்ட பிறகு கலந்துரையாடல். அதுவும் உண்டாம். தாடி வைத்த ஒருவர் ஒலிவாங்கியை வாங்கினார். கொழும்பிலிருந்து வந்தவர் என்றார்கள். "இந்த முகத்தைப் பார்க்க முடியவில்லை, அதுதான் இந்தப் படைப்பின் வெற்றி" என்றார். "இவை யுத்தத்தைப் பார்த்த கண்கள். குரல் பறிக்கப்பட்ட ஒரு பெண் நம்மைக் குற்றம் சாட்டுகிறாள்" என்றார். இன்னொரு பிள்ளை, தனக்கு உடம்பெல்லாம் ஒரு மாதிரி ஆகிவிட்டதாகவும், தன்னை யாரோ கண்காணிக்கிற மாதிரி இருந்ததாகவும் சொன்னாள். எல்லோரும் தலையை ஆட்டினார்கள்.

எனக்கு எது கூடக் கோபம் என்று இன்றுவரை சொல்லத் தெரியவில்லை. குரலை அறுத்தது அவர்கள், பிறகு குரல் பறிக்கப்பட்டவள் என்று இரங்குவதும் அவர்கள். அதுகூடப் பரவாயில்லை. அந்தப் பெண் அவர்களுக்கு நடுவில், அதே மூக்கும் அதே மூக்குத்தியுமாக, பிளாஸ்ரிக் கதிரையில் இருக்கிறாள். அவ்வளவு நேரம் என் முகத்தை அவ்வளவு பெரிதாகப் பார்த்தவர்களில் ஒருவருக்கும் என்னை அடையாளம் தெரியவில்லை. தாடிக்காரர் என்னைத் தாண்டித்தான் ஒலிவாங்கியைப் பின்னுக்குக் கொடுத்தார். "எக்ஸ்கியூஸ் மீ அம்மா" என்றுகூடச் சொன்னார்.

நான் எழும்பினேன். ஒலிவாங்கி எனக்குத் தேவைப்படவில்லை.

"யுத்தமும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. நான் என்ர தம்பியைப் பாத்துக்கொண்டு இருந்தனான். உங்களை நான் பாக்கேல்லை. உங்களை எனக்கு ஆரெண்டே தெரியாது. அது என்ர அப்பான்ர செத்தவீடு. நீங்கள் வெட்டி எறிஞ்ச பாதியில அப்பா கிடக்கிறார்."

அந்த அறையில் ஒருவரும் என் முகத்தைப் பார்க்கவில்லை. சுவரில் இருந்த முகத்தை என்னவோ தைரியமாகப் பார்த்தார்கள். உயிரோடு நின்றவளைப் பார்க்க முடியாமல் நிலத்தையும் சுவரையும் பார்த்தார்கள். தாடிக்காரர் மட்டும், "இதுவும் ஒரு முக்கியமான தலையீடு" என்று தொடங்கினார். "நீங்கள் இருங்கோ" என்று என் கூட்டாளி சொன்ன சத்தத்தில் கதிரையில் இருந்துவிட்டார்.

அந்த வீடியோவைச் செய்த பிள்ளை வெளியே, கிணற்றடியில் என்னிடம் வந்தாள். இருபத்துச் சொச்சம் வயது இருக்கும். பயந்துபோயிருந்தாள், ஆனால் ஓடி ஒளிக்கவில்லை. அப்பாவின் செத்தவீட்டுக்கு வந்த வீடியோக்காரர் அவளுடைய மாமாவாம். அவருடைய கொம்பியூட்டரில் பழைய செத்தவீடுகளும் கலியாணங்களும் கிடந்ததாம். அதற்குள் என்னைக் கண்டாளாம்.

"ஆரைக் கேட்டு எடுத்தனீர்?" என்றேன்.

"அது ஏற்கெனவே லைவ்ல போனதுதானே அன்ரி. எல்லாரும் பாத்ததுதானே எண்டு நினைச்சிட்டன்."

"செத்தவீட்டுக்கு ஆரும் வரலாம் பிள்ளை. கூப்பிடாமலும் வரலாம். அதுக்காக, வந்த ஆள் போகேக்க பிரேதத்தைத் தூக்கி எறிஞ்சிட்டு, அழுதுகொண்டிருக்கிறவளை வீட்டை கொண்டு போறதோ?"

அவள் அழத் தொடங்கினாள். எனக்கு அதுவும் பிடிக்கவில்லை. கத்த வேண்டியதையெல்லாம் கத்தி முடிக்கும் முன்னே எதிராளி அழுதுவிட்டால் மிச்சக் கோபத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

"எல்லாரும் கமராவை ஒருக்காப் பாத்திட்டுத் திரும்பீட்டினம் அன்ரி. நீங்கள் மட்டும் திரும்பவே இல்லை. என்னால அதை விட்டிட்டுப் போக ஏலாமப் போச்சு" என்றாள். பிறகு கண்ணைத் துடைத்துவிட்டு, "தம்பி பாத்தவரோ?" என்று கேட்டாள்.

"பாத்தவன்" என்றேன். நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னேன்.

வெட்டின வீடியோவை எல்லா இடத்திலும் அழிக்க வேண்டும், மாமாவிடம் இருக்கிற முழுதையும் சத்தத்தோடு என் வீட்டுக்குக் கொண்டுவர வேண்டும் என்று சொல்லிவிட்டு வந்தேன். தலையை ஆட்டினாள்.

அடுத்த நாள் ஞாயிறு. தம்பிக்குப் போன் எடுத்தேன். எனக்கு அவன் ஒருவன் போதும். நான் சொல்வதைக் கேட்டு அவன் துள்ளுவான், அந்தப் பிள்ளையின் நம்பரைக் கேட்பான், கோபத்தில் பாதியை என்னிடமிருந்து வாங்கிக்கொள்வான் என்று நினைத்தேன். முழுக் கதையையும் சொன்னேன். தாடிக்காரரைப்போலக் கதைத்துக்கூடக் காட்டினேன். லைன் அறுந்துவிட்டதோ என்று ஹலோ ஹலோ என்றேன்.

"நிக்கிறன் அக்கா" என்றான். பிறகு, "அவையளுக்குப் பாக்க ஏலாமப் போச்செண்டு சொன்னனி, என்ன?" என்று கேட்டான்.

"ஓம். ஒருத்தி எழும்பியே போட்டாள்."

"அக்கா, அண்டைக்கு நானும் பாக்கேல்லை."

எனக்கு விளங்கவில்லை. "என்ன பாக்கேல்லை?"

"துவக்கத்தில கொஞ்சம் பாத்தனான். நீ அப்பிடியே என்ர கண்ணுக்குள்ள பாத்தனி. சாப்பிட்டியோ எண்டு கேட்டனி. உனக்குக் கீழ அப்பா. எனக்கு ஏலாமப் போச்சு அக்கா. போனைக் கவிட்டு வைச்சிட்டு இருந்தனான். சத்தத்தையும் நிப்பாட்டீட்டன். எல்லாம் முடிஞ்சிருக்கும் எண்டு தெரிஞ்ச பிறகுதான் நிமித்தினனான். அப்ப வெறும் கதிரையள்தான் தெரிஞ்சுது."

"நீதானேடா பாக்கச் சொன்னனி?"

"ஓம். நான்தான்."

"பாத்தனான் எண்டு சொன்னியேடா! எல்லாம் பாத்தனான் எண்டு சொன்னியே!"

"வேற என்னெண்டு சொல்லுறது?"

போனை வைத்துவிட்டேன். அதற்குப் பிறகு அவன் எடுத்த எடுப்புக்கெல்லாம் நான் பதில் சொல்லவில்லை. மருந்து யன்னலில் அந்தக் கிழமை முழுவதும் ஆட்களோடு சண்டை. இருமலுக்கு வந்த ஒரு பாவப்பட்ட மனிசனை, போனமுறை தந்த போத்தல் எங்கே என்று கேட்டு நான் போட்ட சத்தத்தில் வார்ட்டிலிருந்து ஆட்கள் எட்டிப் பார்த்தார்கள். யாரைத்தான் ஏசுவது? தாடிக்காரரை ஏசலாம், அந்தப் பிள்ளையை ஏசலாம், குசினிக்குள் நின்று சொன்னவளை இன்றைக்கும் ஏசலாம். தம்பியை ஏச வாயெடுத்தால் பிரான்சில் ஓர் அறை கண்ணில் தெரியும், அதற்குள் ஒரு கட்டில், அதில் கவிழ்ந்து கிடக்கிற போன். அந்தப் போனின் முதுகைப் பார்த்துத்தான் நான் வேட்டியைப் பற்றியும் சால்வையைப் பற்றியும் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன். அதைப் பார்ப்பதற்காகத்தான் அப்பாவைப் பார்க்காமல் விட்டேன்.

அடுத்த சனிக்கிழமை மத்தியானம் அந்தப் பிள்ளை பஸ்ஸில் வந்து இறங்கினாள். லப்ரொப்பைச் சாப்பாட்டு மேசையில் வைத்து, வெட்டினது எல்லாவற்றையும் அழித்துவிட்டதாகக் காட்டினாள். பிறகு முழுதையும் திறந்துவிட்டு, "நான் வெளியில நிக்கிறன் அன்ரி" என்று விறாந்தைக்குப் போனாள். அந்தளவு மரியாதை அவளுக்கு இருந்தது என்பதை நான் ஒத்துக்கொள்ள வேண்டும்.

பறைச் சத்தம் வீடு முழுக்க நிறைந்தது. படத்தின் கீழ்ப்பாதியில் அப்பா. மேல்பாதியில் நான். அப்பாவைப் பார்க்கத்தான் கதிரையை இழுத்துப் போட்டு இருந்தேன். என்னால் முடியவில்லை. மேலே அவள் விடாமல் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "நீ ஏதேன் சாப்பிட்டியோ?" என்று என்னிடம் கேட்டாள். கண்ணைக் கீழே இறக்கினால் உடனே அவள் இழுத்து மேலே கொண்டுவந்தாள். கரம்பொன்னில் தலையைக் குனிந்த பெடியனையும் எழும்பிப் போன பிள்ளையையும் அப்போது நினைத்தேன். மன்னித்தேன் என்று இல்லை. நினைத்தேன், அவ்வளவுதான்.

கடைசியில் உள்ளங்கையை விரித்துத் திரையின் மேல்பாதியில் வைத்து அவளை மறைத்தேன்.

அப்பா தெரிந்தார். திருநீறு பளிச்சென்று இருந்தது. வேட்டி நல்ல வேட்டிதான். யாரோ ஒரு பெண் குனிந்து சால்வையின் மடிப்பைச் சரிசெய்துவிட்டுப் போனாள். யாரோ விசிறியால் இலையானைக் கலைத்தார்கள். வலது காதுக்குக் கீழே கொஞ்சம் வெள்ளைத் தாடி சவரம் செய்யப்படாமல் விடுபட்டிருந்தது. அப்பா பனங்காணிக்குப் போவதென்றாலும் முகத்தை வழித்துக்கொண்டு போகிறவர். இத்தனை பேர் வந்து குனிந்து பார்த்துவிட்டுப் போயிருக்கிறார்கள், ஒருவராவது அதைச் சொல்லவில்லை. தலைமாட்டில் நான் இருந்தேன். ஒரு பிளேட் எடுத்துவர எனக்கு எவ்வளவு நேரம் ஆகியிருக்கும்?

பெட்டியை மூடும்வரை கையை எடுக்கவில்லை. தோள் கடுத்தது. பிறகு அந்தப் பிள்ளையைக் கூப்பிட்டேன்.

"பிள்ளை, உமக்கு வெட்டத் தெரியுந்தானே? இதை இன்னொருக்கா வெட்டும்."

அவள் லப்ரொப்புக்கு முன்னால் வந்து இருந்தாள்.

"இந்தமுறை மேல்பாதியை வெட்டும். என்னை எடுத்துப்போட்டு அப்பாவை மட்டும் தம்பிக்கு அனுப்பும். அவர் கண்ணை மூடிக்கொண்டுதான் கிடக்கிறார். அவன் பாப்பான்."